விட்டுக்கொடுத்த கடன் மனச்சாட்சியை விட்டுப் போகுமா?



நாளிதழ்களின் உட்பக்கத்தில் பொடியெழுத்தில் வரும் ஏல அறிவித்தல்களை நீங்கள் கண்டிருப்பீர்கள். காணியின் பெயர், பரப்பளவு, நான்கெல்லை, அதிலுள்ள கல்வீடு, கிணறு, பயன்தரு மரங்கள், கடனாளியின் பெயர், ஏலம் கூறப்படும் நாளும் நேரமும். இருபது வரிக்குள் ஒரு குடும்பத்தின் வாழ்வு அடங்கிவிடுகின்றது. அதை வாசிக்கும் அயலவரில் சிலர் ‘ஐயோ பாவம்’ என்பார்கள். சிலர் ‘வாங்கும்போது இனித்ததுதானே’ என்பார்கள். வேறு சிலரோ ஒன்றும் பேசாமல், அந்தக் காணி என்ன விலைக்குப் போகும் என்று மனத்துக்குள் கணக்குப் பார்ப்பார்கள்.

வழக்குத் தீர்ந்து, காணி கைப்பற்றப்பட்டு, ஏலத்துக்கு நாள் குறித்த பின்னருங்கூட, வங்கியும் கடனாளியும் நீதிமன்றத்துக்கு வெளியே பேசி முடித்துக்கொள்ள வழி உண்டு. வட்டியில் ஒரு பகுதியை வங்கி விட்டுக்கொடுக்கும், எஞ்சியதைக் கடனாளி ஒரே முறையாகவோ தவணையாகவோ கட்டுவார், வீடு தப்பும். இவ்வாறு தப்பிய நேர்மையான மனிதரின் உள்ளத்தில் பின்பு ஒரு கேள்வி எழாமல் இராது. “வங்கி விட்டுக்கொடுத்த தொகையும் நான் பட்ட கடன்தானே? சட்டம் அதை அழித்துவிட்டது. ஆண்டவர் முன்னிலையிலும் அது அழிந்துவிட்டதா?” இந்தக் கேள்வியையே இன்று உங்களோடு சேர்ந்து சிந்திக்க விரும்புகின்றோம்.

சாட்டியில் ஒரு குடும்பம்

ஓர் உதாரணம் எடுத்துக்கொள்வோம். இது விளக்கத்துக்காக நாம் அமைத்துக்கொண்ட குடும்பம். கடன் தொகைகளும் கணக்கு விளங்குவதற்காக நாம் இட்டவையே. வேலணைத் தீவின் சாட்டியிலே, கடலோடிகளின் காவலியான சிந்தாத்திரை மாதாவின் கோவிலுக்குக் கூப்பிடு தொலைவில் ஒரு கடற்றொழிலாளி வாழ்கிறார். 2019இல் வீட்டையும் வளவையும் ஈடுவைத்து, படகுக்கும் இயந்திரத்துக்கும் வலைக்குமாக வங்கியில் 15 இலட்சம் ரூபா எடுத்தார். அடுத்த ஆண்டே கொள்ளைநோய் வந்து சந்தைகள் பூட்டப்பட்டன. 2022இல் நாட்டின் பொருளாதாரமே சரிந்தது. அவ்வாண்டு ஏப்பிரலில் மத்திய வங்கி தனது கொள்கை வட்டி வீதத்தை ஒரே தடவையில் 7 சதவீதப் புள்ளிகளால் உயர்த்திற்று. ஆகஸ்டில் மண்ணெண்ணெய் லீற்றர் 87 ரூபாவிலிருந்து 340 ரூபாவாயிற்று. மண்ணெண்ணெயில் ஓடும் படகு கரையிலே கிடந்தது. தவணை மட்டும் மாதந் தவறாமல் வந்தது.

இந்த மட்டில் அவரைக் குறைகூற எவருக்கும் நியாயமில்லை. அவர் பிழைவிட்டது இதற்குப் பிறகுதான். வங்கியின் கடிதம் வந்தது. உடைத்துப் பார்க்காமல் சுவாமிப் படத்துக்குப் பின்னால் செருகி வைத்தார். இரண்டாவது கடிதமும் அங்கேயே போயிற்று. மனைவியிடமுஞ் சொல்லவில்லை. நீதிமன்ற அழைப்பாணை வந்த நாளிலும், வெட்கத்தினால், போகாமல் விட்டுவிட்டார். ஆகவே வழக்கு அவரில்லாமலே தீர்ந்தது.

1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம், நீதிமன்றம் செல்லாமல், பணிப்பாளர் சபையின் தீர்மானத்தினாலேயே ஈட்டுச் சொத்தை ஏலம்போடும் அதிகாரத்தை இலங்கை வங்கிகளுக்குக் கொடுத்தது. இதையே ‘பராட்டே’ என்று சொல்வர். 2011இல் வந்த திருத்தம், 50 இலட்சம் ரூபாவுக்குக் குறைந்த முதலை அவ்வதிகாரத்திலிருந்து விலக்கிற்று. 2022இன் சரிவுக்குப் பின்னர், 2024இல், பாராளுமன்றம் அந்த அதிகாரத்தையே சில மாதங்களுக்கு நிறுத்திவைத்தது. நமது மனிதரின் கடன் சிறியது. ஆதலால் வங்கி வழக்குப் போட்டே தீர்ப்பாணை பெற்றது. முதலில் நின்றது 11 இலட்சம், வட்டியும் தண்ட வட்டியும் 9 இலட்சம், செலவு 1 இலட்சம், ஆக 21 இலட்சம். பிஸ்கால் வந்து காணியைக் கைப்பற்றிய அன்றுதான் மனைவி அந்தக் கடிதங்களைக் கண்டாள்.

மறுநாள் இருவரும் வங்கிக்குப் போனார்கள். பலமுறை பேசியபின், 14 இலட்சத்துக்கு வங்கி இணங்கியது. வெளிநாட்டிலுள்ள மைத்துனர் 5 இலட்சம் அனுப்பினார். நகை விற்று 3 இலட்சம். எஞ்சிய 6 இலட்சமும் மாதம் 25,000 ரூபாவாக 24 தவணையில். ஆகவே வங்கி விட்டுக்கொடுத்தது 7 இலட்சம். நமது கேள்வி முழுவதும் அந்த 7 இலட்சத்தைப் பற்றியதே.

வழியிலே இணங்குதல்

இணக்கம் பேசுவதைப் பிச்சை கேட்பதாக எண்ணி அஞ்சுவோர் நம்மிடையே அநேகர். ‘கோட்டுக்குப் போய்த் தோற்றாலும் பரவாயில்லை, அவர்கள் முன் போய்க் கைகட்டி நிற்கமாட்டேன்’ என்று வீறாப்புப் பேசுவோரும் உண்டு. மலைப்பொழிவிலே நம் ஆண்டவர் வேறு விதமாகப் போதித்தார். எதிராளியோடு வழியில் போய்க்கொண்டிருக்கும்போதே விரைவாக இணங்கிக்கொள்ளச் சொன்னார். நீதிபதியிடமும் காவலனிடமும் போய்ச் சேர்ந்தால், கடைசிக் காசுவரை கட்டாமல் மீள முடியாதென்று எச்சரித்தார். கடன் வழக்கின் நடைமுறையை அறிந்த எவருக்கும் இப்போதனையின் உலகியல் உண்மை நன்கு விளங்கும். ஒவ்வொரு படி ஏறும்போதும் செலவு ஏறுகின்றது, வட்டி ஏறுகின்றது, மனிதர் முகம்பார்த்துப் பேசும் இடம் சுருங்குகின்றது.

ஆயினும் வழி எங்கே முடிகிறது? நமது மனிதர் நீதிபதியையும் கடந்துவிட்டார். ஆனால் ஏலத்தின் சுத்தியல் விழும்வரை வழி முற்றாக அடைபடவில்லை. ‘இனி என்ன, எல்லாம் முடிந்துவிட்டது’ என்ற மனச்சோர்வே அந்த வழியை முந்தி அடைத்துவிடுகிறது.

வங்கியின் பணம் யாருடையது?

‘வங்கிக்கு என்ன குறை, ஏழு இலட்சம் அதற்கு ஒரு தூசு’ என்று சொல்வது எளிது. வங்கி கடனாகக் கொடுப்பது பெரும்பாலும் பிறர் அங்கே இட்ட பணம். இளைப்பாறிய ஆசிரியரின் சேமிப்பு, விதவைத் தாயொருத்தியின் நிலையான வைப்பு, மகளின் கலியாணத்துக்கென்று குருவி சேர்ப்பதுபோற் சேர்த்த பணம் யாவும் அதற்குள் உண்டு. லூக்கா நற்செய்தியிலே வரும் கணக்கப்பிள்ளை, தலைவனுக்கு நூறு குடம் எண்ணெய் கடன்பட்டவனை ஐம்பது என்று எழுதச் சொன்னான். அவனுடைய முன்யோசனையைத் தலைவன் மெச்சினான் என்பது மெய்; ஆனால் அந்த உவமையிலேயே அவன் நீதியற்றவன் என்றும் அழைக்கப்படுகிறான். பிறர் பொருளைத் தன் விருப்பப்படி தள்ளுபடி செய்ய எவருக்கும் உரிமை இல்லை.

அப்படியாயின், வங்கி முகாமையாளர் எந்த நியாயத்தால் 7 இலட்சத்தை விடுகிறார்? ஏலம் போட்டால் என்ன கிடைக்கும் என்று அவர் கணக்குப் பார்க்கிறார். அயலவன் வீட்டைக் கேட்க ஊரார் தயங்குவார்கள். கேட்க ஆளில்லாவிட்டால் வங்கியே அதை ஏற்கவேண்டி வரலாம். காணியை ஒப்படைக்க மறுத்தால் இன்னொரு வழக்கு. இவற்றையெல்லாம் கழித்துப் பார்த்தால், உண்மையைச் சொல்லி வந்த கடனாளி கொடுக்கும் 14 இலட்சம், ஏலத்தில் வரக்கூடியதிலும் பார்க்க வைப்பாளருக்கே நன்மையாகலாம். அவ்வாறாயின் அந்த விட்டுக்கொடுப்பு தானமுமன்று, அநீதியுமன்று. அது நிதானமான ஒரு தீர்மானம். அத்தீர்மானம் கடனாளி சொன்ன விபரங்களின் மேலேயே நிற்கிறது என்பதை வாசகர்கள் இங்கே குறித்துக்கொள்ள வேண்டும்.

வட்டி வாங்குவதே பாவம் என்ற பழைய எண்ணம் இன்னும் சிலரிடம் உண்டு. 1462இல் இத்தாலியின் பெரூஜியா நகரில், ஏழைகள் கொடிய வட்டிக்காரரிடம் விழாதிருக்கவென்று பிரான்சிஸ்கன் துறவிகளின் முயற்சியால் ஓர் அடகு நிலையம் எழுந்தது. அத்தகைய நிலையங்கள் தங்கள் செலவுக்கென மிதமான ஒரு தொகையைப் பெறலாமா என்று நெடுங்காலம் வாதம் நடந்தது. 1515இல் ஐந்தாம் இலாத்தரன் சங்கம் அது தகும் என்று தீர்த்தது. கடன் கொடுப்பவனுக்கும் ஒரு நியாயம் உண்டு என்பதை இதனால் அறிகிறோம்.

ஆனால் அந்த நியாயத்துக்கும் எல்லை உண்டு. இலங்கையின் பொதுச் சட்டத்துக்கு அடியாயமைந்த உரோம டச்சுச் சட்டத்திலே, நிலுவையான வட்டி முதலின் அளவை எட்டியதும் மேலும் வளரலாகாது என்ற விதி இருந்தது. பாரத நாட்டின் பழைய இந்து தருமநூல் மரபிலும் இதே விதி உண்டு. கடலால் பிரிந்த இரண்டு மரபுகள் ஒரே எல்லையில் வந்து நின்றமை சிந்திக்கத்தக்கது. சாட்டி மக்களுக்கு இதை நாம் விளக்க வேண்டியதில்லை. தீவுகளிலே நன்னீர் உப்புநீரின் மேல் மிதந்து நிற்கிறது. அளவாய் இறைத்தால் ஆண்டு முழுவதும் தண்ணீர்; பேராசையோடு இறைத்தால் அடியிலிருந்து உப்பு ஏறி, கிணறே கெட்டுவிடும். கடனாளியை இறைப்பதும் அப்படியே.

மனச்சாட்சியின் கணக்கு

இப்போது நமது கேள்விக்கு வருவோம். கடன் என்பது இருவருக்கிடையிலுள்ள ஓர் உரிமையும் ஒரு கடமையும். உரிமை உடையவர், அதை விட அதிகாரமுள்ளவர், நிலைமையை நன்கு அறிந்து, தன் விருப்பத்தோடு விட்டுவிட்டால், எதிர்ப்பக்கத்துக் கடமையும் அத்தோடு தீர்கிறது. நமது மனிதர் வங்கியிடம் தன் வருமானத்தை, நகையை, மைத்துனரின் உதவியை ஒளியாமல் சொல்லியிருந்தால், அந்த 7 இலட்சம் அவருடைய மனச்சாட்சியிலும் அழிந்துவிட்டது. அவர் இரவில் நிம்மதியாக உறங்கலாம். பிற்காலத்தில் கடல் அள்ளிக் கொடுத்தாலும் அதைத் திருப்பிக் கட்டும் கடமை அவருக்கில்லை. தன்னைப்போல இடுக்கண்பட்ட இன்னொருவரை அவர் நெருக்காமல் இருப்பாராயின் அதுவே அழகு. ஆயிரக்கணக்கான தாலந்து மன்னிக்கப்பட்ட பின்பு, நூறு தெனாரியத்துக்காக உடன் ஊழியனின் கழுத்தைப் பிடித்தவனின் கதை நமக்கு ஞாபகமிருக்கிறதன்றோ!

இனி, இதையே சற்று மாற்றிப் பார்ப்போம். அழைப்பாணை வந்த கையோடு, அவர் வேலணையிலுள்ள தன் இன்னொரு துண்டுக் காணியை மகளின் பெயருக்கு நன்கொடை உறுதியாக எழுதிவிட்டார் என்று வையுங்கள். மைத்துனர் அனுப்பியது 5 இலட்சமன்று, 12 இலட்சம். 7 இலட்சம் வேறொருவர் கணக்கில் இருக்கிறது என்று வையுங்கள். வங்கியிடம் ‘இவ்வளவுதான் ஐயா, இதற்குமேல் ஒரு சதமுமில்லை’ என்று அழுதார். வங்கி நம்பியது. கடிதம் கொடுத்தது. காணி மீண்டது. காகிதத்திலே இரண்டு கதையும் ஒன்றே. ஆனால் இரண்டாவது கதையில் வங்கி விட்டுக்கொடுத்தது இவருக்கன்று, இவர் கட்டிக் காட்டிய இல்லாத ஒரு மனிதனுக்கு. ஆகவே அந்த 7 இலட்சம் இவர் தலைமேல் இன்னும் நிற்கிறது. கடன்கொடுத்தோரை ஏமாற்றச் செய்த கைமாற்றத்தை இரத்துச் செய்ய உரோம டச்சுச் சட்டத்திலும் பரிகாரம் உண்டு. சட்டம் கண்டுபிடிக்காவிட்டாலும் கடன் கடனே. பாவசங்கீர்த்தனத்தில் ‘மன்னியும்’ என்று கேட்பதோடு இது முடியாது. பிறர் பொருளைத் திருப்பிக் கொடுக்கும் கடமை தொடரும்.

‘வங்கி மட்டும் நேர்மையா? எனக்கு விளங்காத மொழியில் கையெழுத்து வாங்கினார்கள். தண்ட வட்டியைப் பற்றி ஒருவருஞ் சொல்லவில்லை’ என்று நீங்கள் கேட்கலாம். இது தள்ளிவிடக்கூடிய கேள்வியன்று. பலமுள்ளவன் எழுதிய பத்திரத்தில் பலமில்லாதவன் ஒப்பமிடுவது சமமான ஒப்பந்தமாகாது. எனவே, கணக்கை முழுவதும் தமிழில் விளக்கும்படி கேளுங்கள். எந்த நாளில் எந்த வீதம், தண்டம் எதற்கு என்று எழுத்தில் கேளுங்கள். பிழை இருந்தால் எதிர்த்து நில்லுங்கள். அது உங்கள் உரிமை. ஆனால் முகத்துக்கு நேரே மறுப்பது வேறு, முதுகுக்குப் பின்னால் மறைப்பது வேறு. அவர்கள் பிழை என் பொய்யை மெய்யாக்காது.

வங்கியாளருக்கும் ஒரு சொல் உண்டு. உபாகமத்திலே, கடன் கொடுத்தவன் அடகுப்பொருளை எடுக்கக் கடனாளியின் வீட்டுக்குள் நுழையாமல் வெளியே நிற்கவேண்டும் என்றும், மாவரைக்கும் திரிகைக் கல்லை அடகாக வாங்கக்கூடாது என்றும் கட்டளை உண்டு. திரிகை போனால் சாப்பாடு போகும். 1889ஆம் ஆண்டின் நமது குடியியல் நடவடிக்கைக் கோவையும் அவசியமான தொழிற்கருவிகளைக் கைப்பற்றலிலிருந்து பொதுவாக விலக்கியது. இவற்றின் உட்கருத்து ஒன்றே: கடனை அறவிடு, ஆனால் கடனாளி எழுந்து நடக்கும் வலுவை அறவிடாதே. ஏலத் திகதியைக் கழுத்துக் கயிறாகக் காட்டி, கட்டவே முடியாத தவணைக்குக் கையெழுத்து வாங்குவது இணக்கமாகாது. அது இரண்டாவது ஏலத்துக்கு நாள் குறிப்பதே.

வாய்ச்சொல் போதாது

இணக்கம் நேர்மையாக இருந்தாலும் அது சட்டப்படி நிறைவுபெற வேண்டும். இங்கேதான் எளிய மக்கள் ஏமாந்துவிடுகிறார்கள். மேற்சொன்ன கோவையின் 349ஆம் பிரிவின்படி, தீர்ப்பாணைக்குரிய பணம் நீதிமன்றத்துக்கு வெளியே செலுத்தப்பட்டாலோ வேறுவிதமாக ஒழுங்குசெய்யப்பட்டாலோ, அதை நீதிமன்றத்துக்கு அறிவித்து உறுதிப்படுத்த வேண்டும். அவ்வாறு உறுதிப்படுத்தப்படாத கொடுப்பனவைத் தீர்ப்பை நிறைவேற்றும் நீதிமன்றம் ஏற்காது. இந்தியாவின் 1908ஆம் ஆண்டுக் கோவையிலும் இதற்கு ஒத்த விதி இருக்கிறது. ‘முகாமையாளர் நல்ல மனிதர், வாயால் சொன்னார்’ என்று வீட்டில் இருந்துவிட்டால், அவர் இடம் மாறிப் போனபின் வரும் புதியவருக்குக் கோப்பில் உள்ளது மட்டுமே தெரியும்.

ஆகையால் மூன்று காரியங்களைக் கவனியுங்கள். இணங்கிய தொகை, தவணை, தவணை தவறினால் நிகழ்வது ஆகியவற்றை வங்கியின் கடிதத்தில் எழுதி வாங்குங்கள். சட்டத்தரணி மூலம் அதை நீதிமன்றப் பதிவில் ஏற்றி, ஏலத்தை நிறுத்துவியுங்கள். கடைசித் தவணை முடிந்ததும், முழுமையான தீர்வு என்ற கடிதத்தையும் ஈடு விடுவிக்கும் உறுதியையும் பெற்று, காணிப் பதிவகத்தில் ஈட்டுப் பதிவும் கைப்பற்றற் பதிவும் நீங்கும்வரை ஓயாதிருங்கள். எழுதிக் கேட்பது நம்பிக்கையீனமன்று. இருவர் சொல்லும் காலத்தால் மாறாதிருக்க எழுத்து காவல்நிற்கிறது.

அயலவரின் பங்கு

இறுதியாக, ஊராருக்கும் உறவினருக்கும். 1990, 1991ஆம் ஆண்டுகளில் தீவக மக்கள் பெருந்தொகையாய் இடம்பெயர்ந்தபோது, கையில் எடுத்துக்கொண்டு ஓடியவற்றுள் காணி உறுதிகளும் இருந்தன. அந்த உறுதி இன்று வங்கிப் பெட்டகத்தில் இருக்கிறதென்றால், அந்த வீட்டுக்காரருக்கு அது வெறும் ஈட்டுப் பத்திரமன்று என்பதை அயலவர் அறிவார்கள். அயலவன் வீடு ஏலத்துக்கு வருகிறதென்று அறிந்ததும் அரை விலைக்கு வாங்கக் காசு தேடுவதற்கு முன்பு, இணக்கத் தொகைக்குக் குறைகின்ற இலட்சத்தைத் தவணைக்குக் கொடுக்க முடியுமா என்று ஒருமுறை எண்ணிப் பாருங்கள். வெளிநாட்டிலிருந்து பணம் அனுப்பும் சகோதரரே, அதை வங்கிக் கணக்குக்கே நேராக அனுப்புங்கள். எவ்வளவு அனுப்பினீர்கள் என்பதை மறைக்கும்படி கேட்டால் இணங்காதீர்கள். பொய்யில் பங்குகொண்ட உதவி உதவியாகாது.

சாட்டியிலுள்ள அந்தக் குடும்பத்துக்கு இன்னும் 24 மாதங்கள் இருக்கின்றன. ஒவ்வொரு மாதமும் 25,000 ரூபா. மீன் படாத மாதமும் வரும். அப்படி வந்தால், தவணை நாளுக்கு முன்பே போய், ‘ஐயா, இம்மாதம் பாதிதான் உண்டு’ என்று சொல்லட்டும். முன்பு செருகி வைத்த கடிதங்கள் அவருக்குக் கற்பித்த பாடம் அதுவே.

உங்கள் வீட்டிலும் சுவாமிப் படத்துக்குப் பின்னால் உடைக்காத கடிதம் ஏதாவது இருக்கிறதா? இன்று மாலை செபமாலை முடிந்ததும் அதை எடுத்து, மனைவியோடு, கணவரோடு, வளர்ந்த பிள்ளைகளோடு இருந்து வாசியுங்கள்.